ஒத்தைச் செங்கல்

கோர்ட்டை நான் அவமதிச்சிட்டேனாம், தாயி. நான்! கேட்டியா இந்தக் கூத்தை? உன் மடியில கறுப்புக் கோட்டு கிடக்கு பாரு, அதைப் பாத்ததும்தான் வாயைத் திறக்கலாம்னு தோணுச்சு. வக்கீலுக்குப் படிக்கிறியா? நல்லாப் படி. இந்த வண்டி கோயம்புத்தூர் போய்ச் சேர இன்னும் நேரம் கிடக்கு. நான் சொல்றதைச் சொல்லிர்றேன், நியாயத்தை நீ சொல்லு. யார் மேல தப்புன்னு எனக்குத் தெரியும். இருந்தாலும் படிச்ச பிள்ளை வாயால ஒரு தடவை கேட்டா நல்லாருக்கும்.

கோர்ட்டுன்னா எனக்கு எம்புட்டு மரியாதைன்னு நினைக்கிற? செருப்பைக் கழட்டி வெளிய போட்டுட்டுத்தான் படி ஏறுவேன். "போட்டுக்கிட்டே வரலாம்மா"ன்னு வாசல்ல நிக்கிற டவாலி சொன்னாரு. மாட்டேன்னுட்டேன். அப்பேர்ப்பட்டவளைப் போய் இப்படிச் சொல்லிட்டாங்க. சரி, மொத இருந்து வர்றேன்.

எங்களுக்கு அருப்புக்கோட்டை. எம் பேரு சீனியம்மா. எம் புருசனும் அவர் தம்பியும் அப்பன் கட்டின வீட்டை நடுவுல ஒரு சுவரு வச்சு ரெண்டாப் புழங்குறாங்க. கெழக்க நாங்க, மேக்க அவங்க. வாசல் ஒண்ணு. முத்தம் பொது, தண்ணி மோட்டார் பொது. கொழுந்தன் பொண்டாட்டி பேரு வேணி. கிருஷ்ணவேணி. அவளுக்கும் எனக்கும் இப்பப் பேச்சுவார்த்தை கிடையாது.

அவ எப்படிப்பட்டவன்னா, எப்படிச் சொல்ல... அவளை எல்லாருக்கும் பிடிக்கும். அவகிட்ட இருக்கிற பெரிய கெட்ட குணமே அதுதான்.

நான் உளுந்து போட்டு ஆட்டினா மாவு அமுங்கிக் கிடக்கும். அதே கடை உளுந்து, அதே மோட்டார் தண்ணி, அவ ஆட்டினா பானையைத் தாண்டிப் பொங்கும். ஒரு கருவேப்பிலைக் கன்னு வச்சேன், பட்டுப்போச்சு. பிடுங்கிக் குப்பையில எறிஞ்சேன். அவ அதைப் பொறுக்கிக் கொண்டுபோய் அவ பக்கம் ஊனி வச்சா. இன்னைக்குத் தெருவே அதுலதான் ஒடிச்சிட்டுப் போகுது. பால்காரன் எனக்கு அளந்து ஊத்துவான். அவளுக்கு ஊத்திட்டு மேல ஒரு கொசுறு விடுவான். ஏன்டான்னு கேட்டா, "அந்தக்கா சிரிச்ச மொகமாப் பேசுவாங்க"ங்கிறான். நான் என்ன அழுதுக்கிட்டா பால் வாங்குறேன்?

இதெல்லாம்கூடப் போகட்டும்னு விட்டிருப்பேன். எம் மகளை இழுத்துக்கிட்டா பாரு, அதுதான் ஆறல.

எனக்கு ஒரே மக, கௌசல்யா. பெத்தது நான். பத்தியம் இருந்தது நான். கழுத்து நிக்காத பிள்ளையை மடியிலயே வச்சு வளத்தது நான். விவரம் தெரிஞ்சதும் அது என்ன செய்யும்னா, காலையில சீப்பைத் தூக்கிக்கிட்டு மேக்க ஓடிரும். "அம்மா வெடுக்கு வெடுக்குன்னு இழுக்குது, சித்தி பின்னினா வலிக்கல"ன்னு. ஒரு நாள் சீப்பு, ரிப்பன், கொண்டை ஊசி எல்லாத்தையும் பீரோவுல வச்சுப் பூட்டிட்டேன். அவ கைவிரலாலயே கோதிப் பின்னி, பூக்கட்டுற வாழை நார்ல முடிஞ்சு அனுப்பி வச்சிட்டா. பள்ளிக்கூடத்துல டீச்சர், "யாருடி இம்புட்டு அழகாப் பின்னி விட்டது"ன்னு கேட்டாங்களாம். சாயங்காலம் வந்து என்கிட்டயே சொல்லுது. வயிறு எரியுமா எரியாதா?

இல்ல, பொறாமைன்னு சொல்லாத. பொறாமைங்கிறது வேற. நான் நியாயத்தைப் பேசுறேன்.

கௌசியைக் கோயம்புத்தூர்ல கட்டிக் குடுத்தாச்சு. மாப்பிள்ளை மோட்டார் கம்பெனியில இருக்காரு. அதுக்கப்புறம் வேணி மகன் குவைத்துக்குப் போனான். அவன் போன மறுவருசமே வீட்டு மேல மாடி எடுக்கக் கிளம்பிட்டாங்க. செங்கல் இறங்குது, மணல் இறங்குது, கம்பி இறங்குது. நான் முத்தத்துல மோர்மிளகா காயப் போட்டுட்டு அண்ணாந்து பாக்குறேன். மாடி எழும்புனா மத்தியானத்துக்கு மேல முத்தத்துல வெயில் விழுமா? எம் வத்தல் எங்க காயும்? எம் புருசன்கிட்டச் சொன்னேன். "அவன் பங்குல அவன் கட்டுறான், உனக்கென்ன"ன்னாரு. பங்கா? பங்குன்னு எந்தப் பத்திரத்துல எழுதியிருக்கு? பிரிக்கவே இல்லாத சொத்துல பங்கு எங்கிருந்து வந்துச்சு? நான் படிக்காதவதான், ஆனா அம்புட்டு விவரம் இல்லாதவ இல்ல. அவர் பங்கை எம் பேருக்கு எழுதி வாங்கினேன். நேரா சேதுராமு வக்கீல்கிட்டப் போனேன். பாகப்பிரிவினைக் கேஸ். மொத வேலையா மாடிக்குத் தடை.

கோர்ட்டு என்ன சொல்லுச்சுன்னா, கேஸு முடியிற வரைக்கும் வீட்டுல எது எது எப்படி இருக்கோ அது அது அப்படியே இருக்கணும். ஒருத்தரும் கூட்டக் கூடாது, குறைக்கக் கூடாது, இடிக்கக் கூடாது, கட்டக் கூடாது. மீறினா கோர்ட் அவமதிப்பு, ஜெயில்னாரு வக்கீலு. "ரெண்டு தரப்புக்கும்தாம்மா"ன்னு ஒரு வார்த்தை சேத்துச் சொன்னாரு. சந்தோசத்துல நான் அதைக் காதுல வாங்கல.

வீடு எப்படி இருக்குன்னு எழுதி வைக்க ஒரு வக்கீலைக் கோர்ட்டே அனுப்புச்சு. கமிஷனர்னு பேரு, சின்ன வயசுப் பையன். டேப்பை வச்சு அளந்தான். கதவு எத்தனை, ஜன்னல் எத்தனை, சுவரு எம்புட்டு, பைப்பு எங்கன்னு அத்தனையும் படம் போட்டான். நான் டிகாசன் புதுசா இறக்கிக் காப்பி குடுத்தேன், பாதி குடிச்சிட்டு வச்சிட்டான். அவ மோர் குடுத்தா. ரெண்டு டம்ளர் வாங்கிக் குடிச்சான். "கருவேப்பிலை வாசம் நல்லாருக்கும்மா"ங்கிறான். எம் கருவேப்பிலை தாயி அது. நான் பிடுங்கி எறிஞ்சது.

ஆனா மாடி நின்னுபோச்சு. தூணுக்கு விட்ட கம்பி மட்டும் மொட்டையா வானத்தைப் பாத்து நிக்குது. காலையில எந்திரிச்சதும் அந்தக் கம்பி மொகத்துலதான் முழிப்பேன். மழைக்குத் துரு ஏறி ஏறிச் செவந்துபோய் நிக்கும். பாக்கப் பாக்கக் காப்பி தித்திக்கும்.

வேணி ஒரு வார்த்தை கேக்கல பாத்துக்கோ. ஏக்கா இப்படிச் செஞ்சன்னு சண்டைக்காவது வந்திருக்கலாம். வரல. சண்டைக்கு வராதவகூட எப்படித் தாயி குடித்தனம் பண்றது?

அப்புறம் அவ மக பிருந்தாவுக்குக் கல்யாணம் வந்துச்சு. வீட்டு வாசல்ல பந்தல் போடணும்ல? பந்தல்னா குழி தோண்டிக் கம்பு நடணும். முத்தம் பொது. குழி தோண்டினா கோர்ட் உத்தரவை மீறினதுதானே? சிக்கினாடின்னு காத்துக்கிட்டு இருந்தேன். கௌசியும் மாப்பிள்ளையும் கல்யாணத்துக்கு வந்து என் பக்கம்தான் தங்கியிருந்தாங்க. பந்தல்காரன் கம்பை இறக்குறதைப் பாத்தேன். உத்தரவு நகலைத் தூக்கிக்கிட்டு ஸ்டேஷனுக்குப் போயிட்டேன். ஏட்டையா கிளம்பி வந்து சேர நலுங்கு நேரமாயிருச்சு. பொண்ணை மணையில உக்கார வச்சு சந்தனம் பூசிக்கிட்டு இருக்காங்க, மேளம் வாசிக்குது. ஏட்டு உள்ள வந்ததும் மேளம் நின்னுபோச்சு.

ஏட்டு குனிஞ்சு பாத்தாரு. நானும் குனிஞ்சு பாத்தேன். ஒரு குழி இல்ல! எண்ணெய் டின்னுல மணலை ரொப்பி, அதுல கம்பை நட்டு நிறுத்தியிருக்கா, பாதகத்தி. "குழியே இல்லையேம்மா, எதுக்கு என்னை அலைய விட்ட"ன்னு ஏட்டு என்னையப் பிடிச்சு ஏசுறாரு, சம்பந்தி வீட்டு சனம் அம்புட்டும் பாக்குது. வேணி ஓடி வந்து, "ஐயா, அக்கா தெரியாமச் சொல்லிட்டாக, நீங்க ஒரு வாய் சாப்பிட்டுப் போங்க"ன்னு ஏட்டைக் கூட்டிட்டுப் போய் இலை போட்டு உக்கார வச்சிட்டா. எனக்காகப் பரிஞ்சு பேசுறாளாம். எம்புட்டுக் கொழுப்பு பாரு.

கௌசி நலுங்குத் தட்டைக் கையில வச்சுக்கிட்டு நின்னுச்சு. தட்டைக் கீழ வச்சுச்சு, நேரா வந்து என் பக்கம் இருந்த பையைத் தூக்கிக்கிட்டு மேக்க போயிருச்சு. கல்யாணம் முடிஞ்சு அங்கிருந்தே ஊருக்குக் கிளம்பிருச்சு. நான் போன் போட்டேன். எடுக்கல. மறுநாளும் போட்டேன். அப்புறம் பக்கத்து வீட்டுப் பையன் பாத்துட்டு, "உங்க நம்பரை அக்கா பிளாக் பண்ணிட்டாங்க பெரியம்மா"ங்கிறான். அப்பனுக்குப் பேசும். நான் பக்கத்துல இருக்கிற அரவம் கேட்டா வச்சிரும். எல்லாம் அவ சொல்லிக் குடுத்ததுதான். வேற யாரு சொல்லிக் குடுக்கப் போறா?

அப்பத்தான் எனக்கு ஒரு யோசனை வந்துச்சு. வெளியில இம்புட்டு உசாரா இருக்கிறவ, உள்ளுக்குள்ள என்னத்தை இடிக்கிறாளோ, என்னத்தைக் கட்டுறாளோ? கோர்ட்டு உத்தரவு போட்டுட்டு அது பாட்டுக்கு அடுத்த கேஸைப் பாக்கப் போயிரும். அதை யாரு கண்காணிக்கிறது? நான்தானே பாக்கணும்? ரெண்டு வீட்டுக்கும் நடுவுல ஒத்தைக்கல் சுவரு, மண்ணு வச்சுக் கட்டினது. எங்க உள்ரூம்ல அரிசி டின்னுக்குப் பின்னால ஒரு செங்கல் ஏற்கெனவே ஆடிக்கிட்டுத்தான் இருந்துச்சு. ஆணியை வச்சுக் கொஞ்சங் கொஞ்சமாச் சுரண்டினேன். கையோட வந்துருச்சு. ஒத்தைச் செங்கல், தாயி. ஒரே ஒரு செங்கல். அதுல கண்ணை வச்சா அவ அடுப்படி.

நீ ஏன் சிரிக்கிற? கோர்ட் உத்தரவை மதிக்கிறாளா இல்லையான்னு பாக்க வேண்டாமா?

அவ பக்கம் ஓட்டைக்கு நேரா ஒரு பித்தளைக் குடம் இருந்துச்சு. ஓரமாத்தான் பாக்க முடியும். ரெண்டு நாள்ல குடம் தன்னால தள்ளிப் போயிருச்சு. நல்லதாப் போச்சுன்னு இருந்தேன். அடுப்படிச் சுவர்ல என்ன பாக்குறேன்? பளபளன்னு டைல்ஸ்! பூப்போட்ட டைல்ஸு! நேரா சேதுராமுகிட்டப் போய், போடுங்க கேஸை, கோர்ட் அவமதிப்புன்னேன். எங்க இருந்தும்மா பாத்தீங்கன்னாரு. கண்ணால பாத்தேன், அதுக்கு மேல என்ன வேணும்னேன்.

கேஸு போட்டு அது நம்பராகி விசாரணைக்கு வர்றதுக்கு நாளாச்சு. அதுவரைக்கும் நான் காவலை விடல. விளக்கு வைக்கிற நேரமானா ஒரு மணையைப் போட்டு ஓட்டைக்கு நேரா உக்காந்துருவேன். அப்படி ஒரு நாள் உக்காந்திருக்கேன், "சித்தி"ன்னு ஒரு சத்தம்.

எம் மக குரலு.

வேணி போனைக் கையில பிடிச்சுக்கிட்டு மொகம் பாத்துப் பேசுறா. கௌசி சிரிக்குது. இன்னைக்குக் குழம்புல உப்பு கூடிப்போச்சு சித்தி, அவுக ஒண்ணும் சொல்லாமச் சாப்பிட்டாக சித்தின்னு ஒரே சித்தி. அப்புறம் சொல்லுது, "டாக்டர் ஸ்கேன் எடுக்கச் சொல்லியிருக்காங்க. இப்ப மூணாம் மாசம்." எம் மக மாசமா இருக்கிற சேதி எனக்கு ஓட்டை வழியா வருது, தாயி. ஊருல எவளுக்காவது இப்படி நடந்திருக்கா?

"அம்மாவுக்குச் சொல்லிட்டியா"ன்னா வேணி. "அவங்க பேச்சை எடுக்காதீங்க சித்தி"ன்னுச்சு கௌசி. "அப்படிச் சொல்லாதடி, அக்கா கேட்டா எம்புட்டுச் சந்தோசப்படுவாக"ங்கிறா இவ. நடிப்பு! நான் கேக்குறது தெரிஞ்சே நடிக்கிறா. நல்லவ வேசம்.

மறுநாளும் உக்காந்தேன். அதுக்கு மறுநாளும். கண்காணிக்கணும்ல, டைல்ஸ் கேஸு நடக்குது, விட முடியுமா? அந்த நேரத்துக்குச் சரியாப் போன் வரும். வேணி ஒரு ஸ்டூலைச் சுவரோரம் போட்டுக்கிட்டு, போனைச் சுவத்துப் பக்கமாத் திருப்பி வச்சுக்கிட்டுப் பேசுவா. அங்கதான் டவர் நல்லாக் கிடைக்கும்போல. கௌசி மொகம் எனக்கு நேராத் தெரியும். மொகம் வெளுத்திருந்துச்சு, அப்புறம் தெளிஞ்சிருச்சு. கால் வீங்குதுன்னு சொல்லுச்சு. எனக்கும் அப்படித்தான் வீங்குச்சு. வெதுவெதுன்னு உப்புத் தண்ணியில வைக்கணும்னு எனக்கு வாய் வரைக்கும் வந்துருச்சு. அதுக்குள்ள வேணி சொல்லிட்டா. எதுலயும் எனக்கு முந்திதான் அவ. எம் மகளுக்கு நான் சொல்ல வேண்டியதைக்கூட முந்திச் சொல்லணும்.

ஒரு நாள் கௌசி எந்திரிச்சு நின்னு வயித்தைக் காட்டுச்சு. வேணி, "இன்னும் கொஞ்சம் கிட்ட காட்டு, இப்படித் திரும்பு, இந்தப் பக்கம்"னு போனைச் சுவத்தோட ஒட்டிக் காட்டுறா. அவளுக்குக் கண்ணு மங்கிருச்சோ என்னவோ. நான் நல்லாப் பாத்தேன்.

இப்படி இருக்கையில கமிஷனர் மறுபடி வந்துட்டான், டைல்ஸைப் பாக்க. நானும் பின்னாடியே போனேன், அவ அடுப்படிக்குள்ள கால் வச்சு எம்புட்டு நாளாச்சு. கமிஷனர் நகத்தால ஒரு ஓரத்தைச் சுரண்டினான். தோலு மாதிரி உரிஞ்சு வருது. டைல்ஸே இல்ல, தாயி! ஸ்டிக்கராம். எண்ணெய்ப் பிசுக்கு ஏறாம இருக்க ஒட்டுற பிளாஸ்டிக் தாளு. மக வாங்கி அனுப்பினதாம். எந்த மகளுன்னு கேக்கிறியா? எம் மக.

சரி போகட்டும்னு திரும்புறேன், அந்தப் பையன் அங்கேயே நிக்கிறான். பழைய படத்தை எடுத்து வச்சுப் பாக்குறான், சுவத்தைப் பாக்குறான். "அம்மா, இந்தச் சுவர்ல துவாரம் எதுவும் எங்க படத்துல இல்லையே"ங்கிறான். வேலியில போற ஓணானை எடுத்து வேட்டிக்குள்ள விட்டுக்கிட்ட கதையாப் போச்சு. வேணி சட்டுன்னு, "அது எலி போட்டது சார்"ங்கிறா. எலி எங்கயாவது செங்கல் அளவுக்குச் சதுரமா ஓட்டை போடுமா? பொய் சொல்லத் தெரியாதவ எதுக்குச் சொல்லணும்? நான் சொல்லிட்டேன், "எலியும் இல்ல புலியும் இல்ல, நான்தான் எடுத்தேன், கோர்ட் உத்தரவைக் காப்பாத்த எடுத்தேன்"னு. அதையும் அப்படியே எழுதிக்கிட்டான்.

அப்புறம் என்ன? அவங்க வக்கீலு திருப்பிப் போட்டாரு எம் மேல. உத்தரவை மீறினது டைல்ஸ் இல்ல, இந்தம்மாதான், சுவத்தை இடிச்சிட்டாங்கன்னு. ஜட்ஜம்மா என்னைக் கூப்பிட்டு, "உத்தரவு வாங்கினதே நீங்க, நீங்களே மீறலாமா"ன்னாங்க. மரியாதையாத்தான் கேட்டாங்க. ரெண்டு வாரத்துக்குள்ள ஓட்டையை அடைச்சு, போட்டோ எடுத்து, அடைச்சிட்டேன்னு பிரமாணப் பத்திரம் தாக்கல் பண்ணணும், இல்லைன்னா ஜெயில்தான்னு உத்தரவு.

நான் அடைக்கல.

ஏன்னு கேக்காத. கொத்தனார் கிடைக்கல. சிமென்ட்டு மூட்டையாத்தான் தருவேன்னுட்டான். நாள் நல்லா இல்ல. எம் புருசன், "ஒரு சட்டி சிமென்ட்டு போதும்டி, நான் பூசிர்றேன்"னாரு. அவரை அதட்டி உக்கார வச்சிட்டேன். அப்ப கௌசிக்கு எட்டாம் மாசம். பிள்ளை உதைக்குதுன்னு சாயங்காலத்துல சொல்லும். உதைக்கும்போது அதுக்குப் பேச்சு நின்னு, மூச்சு ஒரு தடவை இழுக்கும். அந்தச் சத்தம்கூட எனக்குக் கேக்கும். ஜெயில்ல போட்டா போடட்டும்னு இருந்துட்டேன்.

வாய்தாவுக்குப் போனேன். ஜட்ஜம்மாவுக்குக் கோபம். "ஏம்மா இன்னும் அடைக்கல? கோர்ட்டை என்னன்னு நினைச்சீங்க"ன்னாங்க. சேதுராமு என்னைத் திரும்பித் திரும்பிப் பாக்குறாரு. அப்பப் பின்னாடி இருந்து வேணி எந்திரிக்கிறா. "அம்மா, நான் ஒண்ணு சொல்லலாமா"ன்னா. சொல்லுங்கன்னாங்க. "அந்த ஓட்டை இருந்துட்டுப் போகட்டும்மா. எங்களுக்கு அதனால ஒரு இடைஞ்சலும் இல்ல. அக்காவுக்கு அது வேணும்."

அக்காவுக்கு அது வேணும்! கோர்ட்டுல, அம்புட்டு சனத்துக்கு முன்னால! ஜட்ஜம்மா கண்ணாடியைக் கழட்டிட்டு எங்க ரெண்டு பேரையும் மாறி மாறிப் பாத்தாங்க. "எதிர்த்தரப்புக்கு ஆட்சேபணை இல்லைன்னா, ரெண்டு பேரும் சம்மதம்னு எழுதிக் குடுங்க, பாக்கலாம்"னாங்க. சேதுராமு மொகம் மலந்துருச்சு. சம்மதம்னு ஒரு வார்த்தை நான் சொன்னாப் போதும்.

என்னால முடியல, தாயி. எம் பால்காரன் கொசுறை அவ வாங்கினா, எம் கருவேப்பிலை அவகிட்டத் துளுத்துச்சு, எம் மக தலையை அவ பின்னினா. இப்ப எம் மக குரலையும் அவ பிச்சையாப் போட்டு நான் வாங்கணுமா? "வேண்டாம்மா, கோர்ட்டு சொன்னது சொன்னதுதான், நான் அடைச்சிர்றேன்"னு கத்திட்டு வந்துட்டேன். அன்னைக்கு மத்தியானமே, அதே செங்கலை வச்சு, எங் கையாலயே பூசினேன். அந்தப் பக்கம் அவ நின்னுக்கிட்டு இருந்தா. சிமென்ட்டை வழிச்சு வைக்கையில அவ சேலை நிறம் கடைசியாத் தெரிஞ்சுச்சு, அப்புறம் அதுவும் மறைஞ்சிருச்சு. போட்டோ எடுத்துக் குடுத்தாச்சு, பிரமாணம் போட்டாச்சு, அவமதிப்புக் கேஸை முடிச்சிட்டாங்க. ஜெயிச்சது நான்தான். யாரு தயவும் இல்லாம ஜெயிச்சேன்.

சாயங்காலமானா மணையைப் போட்டு உக்காருவேன். பழக்கம். சுவரைத்தான் பாத்துக்கிட்டு உக்காந்திருப்பேன். அரிசி டின்னுல எலி ஓடுற சத்தம்தான் கேக்கும். சோறு இறங்கல. எம் புருசன் கேட்டாரு, உடம்புக்கு என்னடின்னு. ஒண்ணுமில்லைன்னேன்.

இந்த வேணி இருக்காளே, சும்மா இருக்க மாட்டா. பத்து நாள் போயிருக்கும், முத்தத்துல நாற்காலியைப் போட்டு உக்காந்து போன் பேச ஆரம்பிச்சிட்டா. பொது முத்தம். சத்தத்தைக் கூட்டி வச்சுக்கிட்டு, தெருவுக்கே கேக்குற மாதிரி. கதவைச் சாத்தினாலும் கேக்குது. சாத்தத்தான் செஞ்சேன், தாப்பாதான் போடல. நேத்துச் சாயங்காலம் பாரு, தொண்டை கிழியக் கத்துறா: "வலி வந்துருச்சா? எந்த ஆஸ்பத்திரி? சிங்காநல்லூர் பஸ் ஸ்டாண்டுல இருந்து ஆட்டோவா? ரெண்டாம் மாடியா? பிரசவ வார்டு ரெண்டாம் மாடியா?" ஒரு தடவை சொன்னாப் போதாதா? மூணு தடவை சொல்றா, செவிடிக்குச் சொல்ற மாதிரி. எனக்குக் காது நல்லாத்தான் கேக்குது.

அவ கிளம்புறதுக்குள்ள நான் கிளம்பிரணும்னு முடிவு பண்ணிட்டேன். இந்த ஒண்ணுலயாவது முந்திரணும்ல? இன்னைக்கு விடிஞ்சதும் கதவைத் திறக்கிறேன், வாசப்படியில ஒரு தூக்குவாளி. திறந்து பாத்தா பிரசவ லேகியம். நெய் மிதக்குது, சுக்கு வாசம் தூக்குது. யாரு வச்சதுன்னு உனக்கே தெரியும். அவ தான் எடுத்துட்டுப் போறதுக்கு வச்சிருப்பா, மறந்து என் படியில வச்சிட்டா. அதையும் எடுத்துக்கிட்டு வந்துட்டேன். இந்தா, கால்கிட்ட இருக்கு பாரு, சாஞ்சிராம. கௌசி கேட்டா நான் கிண்டினதுன்னுதான் சொல்வேன். ஒரு வாய் தின்னா அதுக்குத் தெரிஞ்சிரும். தெரியட்டும்.

பஸ் ஏறுறப்ப திரும்பிப் பாக்குறேன், தெருமுனையில நிக்கிறா. கையில பை இல்ல. காலுல செருப்புகூட இல்ல. ஏமாந்துபோய் நிக்கிறா. எனக்குச் சிரிப்பா வந்துச்சு.

என்னது, போனா? என்னதா? இரு... இந்தச் சனியன் பைக்குள்ள எங்க கிடக்குன்னு... இந்தா. யாருன்னு பாரு, எனக்குக் கண்ணாடி இல்லாமத் தெரியாது. வேணின்னு காட்டுதா? அவளா? எனக்கும் அவளுக்கும் பேச்சில்லைன்னு சொன்னேன்ல. நீ எடு தாயி. நீ கேட்டுச் சொல்லு.

என்ன சொல்றா?

பொட்டப் பிள்ளையா? ரெண்டு பேரும் நல்லாருக்காங்களா? சுகப்பிரசவமா? ஆப்பரேஷனா? ...சுகப்பிரசவம். சரி. சரி தாயி. இல்ல, ஒண்ணுமில்ல, கண்ணுல தூசி, ஜன்னலைச் சாத்து.

பாத்தியா? அவளுக்குத்தான் மொதல்ல சொல்லியிருக்காங்க. பேத்தி பொறந்த சேதியும் எனக்கு அவ வாயால வருது. இன்னும் என்னமோ சொல்றாளே, என்ன? அவ ஆஸ்பத்திரிக்கு வரலையாமா? அவ வரவே நினைக்கலையாமா? அது கிடக்கட்டும். அப்புறம் என்ன?

கௌசி கேட்டுச்சாமா? என்ன கேட்டுச்சாம்? நல்லாக் கேட்டுச் சொல்லு.

"அம்மா கிளம்பிட்டாங்களா"ன்னா?

அப்படியேவா கேட்டுச்சு? அம்மான்னா? இன்னொரு தடவை கேளு, தாயி. அம்மான்னுதான் சொல்லுச்சான்னு கேளு.

...அதைக்கூட அவகிட்டப் போய்க் கேட்டிருக்கு பாரு.